கடைத்தெருச் சத்தத்திற்குத் தடை வேண்டாம்

வணிகர் சங்கப் பத்திரிகையில் சங்கீதத்துக்கு என்ன வேலை என்று வாசக அன்பர்கள் கேட்கலாம். பருப்பு விலை, புளி வரத்து, வரிக்கணக்கு தாக்கல் செய்யக் கடைசித் தேதி ஆகியவற்றுக்கே பக்கம் போதவில்லை என்று ஏற்கெனவே குறை இருக்கிறது. ஆனால் நமது கடைவீதியின் இரண்டு முனைகளிலும் 'இங்கு ஒலிப்பதிவு செய்யக் கூடாது' என்று போர்டு வைக்க வேண்டும் என ஒரு தீர்மானம் சங்கத்தின் முன் வந்திருக்கிறது. கூட்டத்தில் அரைமணி நேரம் காரசாரமாகப் பேசியும் முடிவு எடுக்காமல் தள்ளி வைத்திருக்கிறார்கள். அந்தப் போர்டு வேண்டாம் என்பது நமது கருத்து. கூட்டத்தில் இரண்டு நிமிடம்தான் பேச இடம் கிடைத்தது. எனவே மீதியை இங்கே எழுதுகிறோம்.

முதலில் ஒன்று சொல்ல வேண்டும். கடைத்தெருச் சத்தத்தை வைத்துப் பாட்டுக் கட்டுவது இன்றைய பையன்கள் கண்டுபிடித்த புதுமை அல்ல. ஐந்நூறு வருஷத்து வழக்கம் இது. பிரான்ஸ் தேசத்தில் க்ளெமான் ஜானெகான் என்று ஒரு இசையமைப்பாளர் இருந்தார். 1530-ஐ ஒட்டிய ஆண்டுகளில், நம் பக்கம் விஜயநகர ஆட்சி நடந்த காலத்தில், பாரிஸ் தெருவில் கூவி விற்பவர்களின் குரல்களையே எடுத்து நான்கு பேர் சேர்ந்து பாடும் பாட்டாகக் கட்டினார். சூடான பணியாரம், ஒயின், வினிகர், கடுகுச் சாந்து, மீன், விளக்குமாறு, பழைய செருப்பு என்று பட்டியல் போகிறது. நமது மளிகைக்கடைச் சிட்டையை ராகத்தில் படித்தால் எப்படி இருக்கும், அப்படி. ஒருவர் கூவி முடிப்பதற்குள் இன்னொருவர் ஆரம்பித்துவிடுவார். எதிர்க்கடைக்காரர் விலை சொல்லும்போது நாம் குறுக்கே குரல் கொடுப்பதில்லையா, அதே போட்டிதான் பாட்டிலும் கேட்கிறது.

அடுத்து லண்டன். 1625-இல் காலமான ஆர்லாண்டோ கிப்பன்ஸ் என்பவர் அரசரின் தேவாலயத்தில் ஆர்கன் வாசித்தவர். சாதாரண ஆள் அல்ல. அவரும் லண்டன் தெருக்கூவல்களை வைத்து ஒரு உருப்படி செய்தார். விடிவதற்கு முன் காவல்காரன் மணி சொல்வதில் ஆரம்பித்து, சிப்பி விற்பவர், இறைச்சிப் பண்டம் விற்பவர், புகைபோக்கி சுத்தம் செய்பவர், காணாமற்போன குதிரைக்குத் தண்டோரா போடுபவர், ஜெயில் கைதிகளுக்காகச் சோறு கேட்பவர் என்று ஒரு முழு நாள் ஓடி, இரவில் காவல்காரன் விளக்கையும் பூட்டையும் பார்த்துக்கொள்ளச் சொல்வதில் முடிகிறது. இதில் நம்மைக் கவர்ந்த விஷயம் வேறு. இத்தனை கூச்சலுக்கும் அடியில் தேவாலயத்தில் பாடும் பழைய பக்தி மெட்டு ஒன்று நீண்ட ஸ்வரங்களாக விடாமல் ஓடிக்கொண்டே இருக்கும். நம் கச்சேரியில் பின்னால் தம்பூரா ஓடுகிறதே, ஏறக்குறைய அந்த மாதிரி. கோயில் மெட்டையும் கடைத்தெருவையும் ஒன்றாக வைக்க அவர் கூச்சப்படவில்லை. கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் சென்னையில் கோட்டை கட்ட வருவதற்கும் முந்திய கதை இது.

இவற்றையெல்லாம் விட நம் வியாபாரத்துக்கு நெருக்கமானது ஒன்று உண்டு. நிலக்கடலை மண்டி வைத்திருக்கும் நண்பர்கள் இதைக் கவனித்துப் படிக்க வேண்டும். கியூபா நாட்டின் தலைநகர் ஹவானா. அங்கே வறுத்த கடலையைக் காகிதத்தில் கூம்பு மாதிரி சுருட்டி, தெருத்தெருவாகக் கூவி விற்பார்கள். நம் ஊர்க் கோயில் வாசலிலும் கடற்கரையிலும் விற்கும் அதே பொட்டலம்தான். இப்படிக் கூவும் குரலுக்கு அவர்கள் பாஷையில் 'ப்ரெகோன்' என்று பெயர். வியாபாரக் கூவலை வைத்துக் கட்டிய பாட்டுகளை அந்தப் பெயரிலேயே ஒரு தனி ரகமாக வைத்திருக்கிறார்கள். மொய்சேஸ் சிமோன்ஸ் என்ற கியூபாக்காரர் கடலை விற்பவரின் கூவலை வைத்து 'எல் மனிசேரோ' என்று ஒரு பாட்டு எழுதினார். 'கடலைக்காரர்' என்று பொருள். 1920-களின் கடைசியில் ரீட்டா மோன்டனேர் என்ற பாடகி அதை ரிக்கார்டில் பாடினார். 1930-இல் டான் அஸ்பியாசு என்பவரின் வாத்தியக் குழு நியூயார்க்கில் அதைப் பதிவு செய்தது. அதன் பிறகு நடந்ததுதான் வேடிக்கை. அமெரிக்கா முழுவதும் அந்த ரிக்கார்டு விற்றது. லூயி ஆம்ஸ்ட்ராங் போன்ற பெரிய வித்வான்கள் அதே வருஷம் தங்கள் பாணியில் வாசித்தார்கள். கியூபா இசைக்கு உலகச் சந்தையைத் திறந்துவிட்டதே அந்தக் கடலைப் பொட்டலம்தான் என்று சொன்னால் மிகை இல்லை.

கதை அதோடு நிற்கவில்லை. 1930-களில் அந்த ரிக்கார்டுகள் கப்பல் ஏறி ஆப்பிரிக்காவுக்குப் போயின. காங்கோ நதிக்கரை ஊர்களில் கேட்டவர்களுக்கு அது அந்நியமாகப் படவில்லை. ஒரு காலத்தில் அடிமைகளாகக் கப்பலில் கொண்டுபோகப்பட்ட அவர்கள் முன்னோரின் தாளம்தானே கியூபாவில் போய் வளர்ந்தது. அதை வைத்துத் தங்கள் பாஷையில் பாட்டுக் கட்டினார்கள். 'காங்கோ ரும்பா' என்று இன்று பெயர் பெற்ற அந்த இசையை 2021-இல் யுனெஸ்கோ தன் மரபுப் பட்டியலில் சேர்த்தது. ஒரு கடலைக்காரர் தெருவில் நின்று கூவியதற்கு இவ்வளவு தூரம் நடை.

ஆனால் கணக்குப் பார்ப்பது நம் தொழில். அதனால் இன்னொன்றும் கண்ணில் படுகிறது. பாட்டை எழுதியவர் பெயர் நிற்கிறது, பாடியவர் பெயர் நிற்கிறது, ரிக்கார்டுக் கம்பெனி பெயர் நிற்கிறது. கூவியவர் பெயர் எந்த ரிக்கார்டுத் தட்டிலும் இல்லை. இதற்குப் பின்னால் வருவோம்.

அமெரிக்காவில் ஜார்ஜ் கெர்ஷ்வின் என்ற இசை மேதை இரண்டு தடவை இந்த வேலையைச் செய்தார். 1928-இல் பாரிஸ் நகரத்தைப் பற்றி ஒரு வாத்திய உருப்படி எழுதியபோது, அங்கே டாக்ஸிகளில் இருந்த பழைய பந்து ஹாரன்களை விலைக்கு வாங்கிக் கொண்டுபோய் மேடையிலேயே அடிக்க வைத்தார். அதற்குப் பிறகு 1934 கோடையில் தெற்குக் கரோலினாவில் சார்ல்ஸ்டன் நகரத்துக்குப் பக்கத்தில் உள்ள ஒரு தீவில் போய்த் தங்கி, அங்குள்ள கறுப்பின மக்களின் பாட்டையும் பேச்சையும் கேட்டார். 1935-இல் அரங்கேறிய அவருடைய 'போர்கி அண்ட் பெஸ்' இசை நாடகத்தில் ஸ்ட்ராபெரி விற்கும் பெண், தேன் விற்பவர், நண்டு விற்பவர் மூவரும் வந்து கூவிவிட்டுப் போகிறார்கள். நாடகத்தின் கதைக்கு அவர்கள் அவசியமே இல்லை. ஆனால் அவர்கள் இல்லாவிட்டால் அது தெருவாக இருக்காது.

இதெல்லாம் மனிதக் குரல், அதில் ராகம் இருப்பது சரி, தகர டின்னிலும் தள்ளுவண்டியிலும் என்ன சங்கீதம் என்று கூட்டத்தில் ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி. இதற்குப் பதில் பாரிஸ் வானொலியில் வேலை பார்த்த பியர் ஷேஃபர் என்ற என்ஜினீயரிடம் இருக்கிறது. 1948-இல் அவர் ஒரு ரயில்வே நிலையத்துக்குப் போய் நீராவி என்ஜின் புறப்படும் சத்தம், விசில், சக்கரம் தண்டவாளத்தில் தட்டும் சத்தம் எல்லாவற்றையும் ரிக்கார்டுத் தட்டில் பதிந்து கொண்டுவந்தார். அப்போது அவர் கையில் டேப் கிடையாது, தட்டுதான். நம் வயதுக்காரர்களுக்கு இசைத்தட்டு தெரியும். தட்டு கீறலாகிவிட்டால் ஊசி ஒரே கோட்டில் மாட்டிக்கொண்டு ஒரே வார்த்தையைத் திரும்பத் திரும்பப் பாடுமே, எழுந்து போய்த் தட்டிவிடுவோமே, அந்தக் கோளாறை ஷேஃபர் வேண்டுமென்றே செய்தார். கோட்டைச் சுருளாக ஓடவிடாமல் வட்டமாக மூடிவிட்டார். இதனால் ரயில் சத்தத்தில் ஒரு சிறு துண்டு மட்டும் சுற்றிச் சுற்றி வந்தது. முதல் தடவை கேட்கும்போது ரயில். இரண்டாவது தடவையும் ரயில்தான். நாலாவது, ஐந்தாவது தடவை வரும்போது காது ரயிலை மறந்துவிட்டுத் தாளத்தைப் பிடித்துக்கொள்கிறது. இது எவ்வளவு எளிய சூத்திரம் பாருங்கள். அந்த உருப்படி 1948 அக்டோபர் 5 அன்று பிரெஞ்சு வானொலியில் ஒலிபரப்பானது. கூடவே சமையல் பாத்திரங்களின் சத்தத்தில் செய்த ஒன்றும் ஒலிபரப்பானது. பாத்திரக்கடை அன்பர்கள் பெருமைப்பட்டுக் கொள்ளலாம். இன்று சினிமாப் பாட்டில் கம்ப்யூட்டரை வைத்து ஒரு துண்டைத் திரும்பத் திரும்ப ஓட்டுகிறார்களே, அந்த வேலையின் தாத்தா இவர்தான்.

சத்தம் மட்டுமா? நாம் சரக்கு எடுத்துவிட்டுத் தூக்கிப் போடும் பெட்டியும் டின்னும் கூட வாத்தியமாகியிருக்கின்றன. கியூபாவில் துறைமுகத் தொழிலாளிகள் கருவாடும் மெழுகுவர்த்தியும் வந்த மரப்பெட்டிகளைக் கவிழ்த்துப் போட்டுத் தட்டினார்கள். பெரு நாட்டிலும் அப்படியே ஒரு பெட்டி வாத்தியம் வளர்ந்தது. 'கஹோன்' என்று பெயர், பெட்டி என்றுதான் அதற்கு அர்த்தம். 1970-களின் கடைசியில் ஸ்பெயின் நாட்டு கிதார் மேதை பாகோ தெ லூசியா பெரு போனபோது அதைப் பார்த்து வாங்கிவந்து தன் கச்சேரியில் சேர்த்துக் கொண்டார். இன்று சென்னையில் கல்யாணக் கச்சேரியில் ஒரு பையன் பெட்டி மேல் உட்கார்ந்து தட்டுகிறானே, அது சரக்குப் பெட்டியின் வாரிசு. டிரினிடாட் தீவில் பிஸ்கட் டின்னையும் பிறகு எண்ணெய் டிரம்மையும் அடித்து வளைத்து ஸ்வரம் வரவழைத்தார்கள். 1951-இல் அந்த டிரம் வாசிப்பவர்கள் லண்டனுக்கே போய் வாசித்துவிட்டு வந்தார்கள். ஊருக்குள் அதற்கு முன்னால் அவர்களைப் போலீஸ் விரட்டிக்கொண்டிருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். நம் பக்கத்தில் இதற்குச் சாட்சி வெளியே தேட வேண்டாம். மானாமதுரை மண்ணில் செய்த பானைதானே கடம். அதைத் தட்டிய விக்கு விநாயக்ராம் பங்கு பெற்ற இசைத்தொகுப்பு 1992-இல் கிராமி பரிசு வாங்கவில்லையா?

இன்னொரு செய்தியையும் சொல்லாமல் விட மனமில்லை. ஆப்பிரிக்காவில் கானா பல்கலைக்கழகத்தின் தபாலாபீசில், தபால்தலை மீது முத்திரை குத்தும் ஊழியர்கள் அந்த வேலையைச் செய்துகொண்டே தாளம் போட்டு விசில் அடிப்பார்கள். 1975-இல் ஜேம்ஸ் கூட்டிங் என்ற இசை ஆராய்ச்சியாளர் அதை அப்படியே பதிவு செய்தார். இன்றைக்கும் பல நாட்டுக் கல்லூரிகளில் இசை மாணவர்களுக்கு அதைப் போட்டுக் காட்டுகிறார்கள். எங்கள் பேரன் கம்ப்யூட்டரில் போட்டுக் காட்டினான். முத்திரைக் கட்டை மேஜையில் விழும் சத்தம்தான் மிருதங்கம். வேலை நிற்கவில்லை, கடிதம் குறையவில்லை. எந்த அதிகாரியும் அங்கே போர்டு வைக்கவில்லை.

சரி, நம் வீதிக்கு வருவோம். நம் தொழிலில் பாட்டு இல்லையா என்றால், இருந்தது. நெல்லை மரக்காலில் அளக்கும்போது முதல் மரக்காலுக்கு 'ஒன்று' என்று சொல்ல மாட்டார்கள், 'லாபம்' என்பார்கள். பிறகு இரண்டு, மூன்று என்று போகும். ஒவ்வொரு எண்ணையும் அடுத்த மரக்கால் நிறைகிறவரை இழுத்துச் சொல்வார்கள். எண்ணிக்கை தவறக் கூடாது என்பதற்காக ஏற்பட்ட இழுப்பு அது. விற்பவன், வாங்குபவன், அளப்பவன் மூன்று பேருக்கும் அந்தக் குரல்தான் கணக்கு. ஏற்றம் இறைப்பவர்களுக்கும் அப்படியே. எத்தனை சால் இறைத்தோம் என்று எண்ணவே பாட்டு. ஏற்றக்காரன் பாட்டை வழியில் கேட்ட கம்பர், அவன் வேலையை நிறுத்திவிட்டுப் பாதியில் போனதால் மீதி அடி என்ன என்று தெரியாமல் தவித்தார் என்று ஒரு கதை வழங்குகிறது. கதையோ நிஜமோ, கவிச்சக்கரவர்த்தியையே காத்திருக்க வைத்தது ஒரு வேலைக்காரனின் கணக்குப் பாட்டு என்று நம் முன்னோர் நம்பியிருக்கிறார்கள்.

மரக்கால் போன கதை நமக்குத் தெரியும். 1956-இல் எடை அளவுச் சட்டம் வந்தது, 1958 முதல் படிப்படியாகக் கிலோ நடைமுறைக்கு வந்தது. வியாபாரத்துக்கு அது நன்மைதான், ஊருக்கு ஒரு படி இருந்த குழப்பம் ஒழிந்தது. ஆனால் அளப்பவன் குரல் அதோடு போய்விட்டது. தராசில் வைத்தால் முள் சொல்லும், மனிதன் சொல்ல வேண்டியதில்லை. பிறகு முள்ளும் போய் எலக்ட்ரானிக் தராசு வந்தது, அது 'கீச்' என்று ஒரு சத்தத்தோடு சரி. குண்டு எழுத்தில் சிட்டை எழுதும் கணக்குப்பிள்ளை தொகையை வாய்விட்டுக் கூட்டுவார், ஒரு நாமாவளி மாதிரி கேட்கும். இப்போது பில் மெஷின் கூட்டுகிறது. நூறு கிலோ மூட்டை இருந்தபோது நாலு பேர் சேர்ந்து குரல் கொடுத்துத்தான் தூக்க வேண்டியிருந்தது. இப்போது எல்லாம் சிப்பம். 2022 ஜூலை 18 முதல் 25 கிலோ வரை பாக்கெட் போட்ட அரிசிக்கு ஜி.எஸ்.டி. என்றதும் 26 கிலோ சிப்பம் என்று ஒரு புது அவதாரமே வந்தது. அதை ஒரே ஆள் தோளில் போட்டுக்கொண்டு சத்தமில்லாமல் போய்விடுகிறார். அவர் இடுப்புக்கு அது நல்லது. அதில் நமக்கு வருத்தமில்லை. பழையபடி நூறு கிலோ மூட்டை வேண்டும் என்று யாராவது சொன்னால் அவரையே தூக்கச் சொல்ல வேண்டும்.

ஆனால் இருக்கிற வரையில் பதிந்து வைப்பதில் என்ன நஷ்டம்? 1996-இல் சென்னைக் கொத்தவால் சாவடியின் காய்கறி மொத்த வியாபாரம் கோயம்பேட்டுக்கு மாறியது. பழைய சாவடியில் விடியற்காலை கேட்ட சத்தம் எப்படி இருக்கும் என்று போய்வந்த நமக்குத்தான் தெரியும், நம் பிள்ளைகளுக்குக் காட்ட நம்மிடம் ஒரு ஒலிநாடா கூட இல்லை. அதே 1996-இல் ஜப்பான் நாட்டு சுற்றுச்சூழல் இலாகா, தங்கள் தேசத்தில் காப்பாற்ற வேண்டிய நூறு சத்தங்கள் என்று ஒரு பட்டியல் போட்டது. கோயில் மணி, கடலில் மிதக்கும் பனிக்கட்டி, பறவைக்குரல் இவற்றோடு ஒசாகா நகரத்தில் ட்சுருஹாஷி ரயில் நிலையத்தைச் சுற்றியுள்ள கடைத்தெருவின் ஆரவாரமும் அந்தப் பட்டியலில் இருக்கிறது. அதற்கும் முன்னால் 1973-இலேயே கனடாவில் மரே ஷேஃபர் என்ற இசையமைப்பாளர் தன் கூட்டாளிகளோடு வான்கூவர் நகரத்தின் சத்தங்களைப் பதிந்து தட்டாக வெளியிட்டார். பாரிஸ் ஷேஃபர் வேறு, இவர் வேறு, பெயர் காதுக்கு ஒன்றாக விழுவதால் சொல்கிறோம்.

இப்போது எதிர்ப்புகளைப் பார்ப்போம். நடந்தது இவ்வளவுதான். இசை படிக்கும் மாணவர்கள் மூன்று பேர், கையடக்கக் கருவியும் காதில் ஹெட்போனுமாக லாரி இறங்கும் நேரத்தில் வந்தார்கள். முறத்தில் புடைக்கும் ஓசை, மூட்டையில் குத்தூசி இறங்கும் ஓசை, ஷட்டர் ஏறும் ஓசை, ஏலக்குரல், தள்ளுவண்டிக்காரர்களின் கூவல் ஆகியவற்றைப் பதிந்து அதில் இசை அமைக்கப் போவதாகச் சொன்னார்கள். சில கடைகளில் காபி கொடுத்து உட்கார வைத்தார்கள். சில கடைகளில் 'எந்த இலாகா அனுப்பியது' என்று கேட்டு விரட்டினார்கள். வரி அதிகாரிகள் வேவு பார்க்க அனுப்பியவர்கள் என்று மதியத்துக்குள் வீதி முழுவதும் வதந்தி. இதில் நமக்கு ஒரு சந்தேகம். கணக்கு நேராக இருக்கிற கடையில் முறம் புடைக்கும் சத்தத்தைப் பதிவு செய்தால் என்ன குடி முழுகிவிடும்? எதற்கும் இருக்கட்டும், பேரம் பேசுவது, வாடிக்கையாளர் பெயர், கடன் பாக்கி, போன் நம்பர் இவை பதிவாகக் கூடாது என்பது சரியான நிபந்தனை. அதைக் கடிதத்தில் எழுதி வாங்கிக்கொண்டால் தீர்ந்தது.

இன்னொரு எதிர்ப்பு, சத்தம் என்பதே தொல்லை, அதை ஏன் கௌரவிக்க வேண்டும் என்பது. இதில் பாதி உண்மை. கடைத்தெருச் சத்தம் எல்லாமே சங்கீதம் என்று நாம் சொல்ல வரவில்லை. லாரிக்காரர்களின் ஏர் ஹாரனை எந்த ராகத்தில் சேர்ப்பது? ஒலிபெருக்கியில் ஒரே பதிவை நாள் முழுவதும் அலறவிட்டுக்கொண்டு போகும் வண்டிகளை நமக்கும் பிடிக்காது. 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி வணிகப் பகுதியில் பகலில் 65 டெசிபல், இரவில் 55 டெசிபல்தான் அளவு. இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை ஒலிபெருக்கி பொது இடத்தில் கூடாது. இதை நம் வீதியில் யார் மதிக்கிறார்கள்? போர்டு வைக்க வேண்டுமானால் இதற்கு வைக்கலாம், நாமே முதல் நன்கொடை தருகிறோம். சத்தத்தோடு மனிதன் சண்டை போடுவதும் புதிதல்ல. கம்ப்யூட்டரின் மூதாதையான கணக்கு இயந்திரத்துக்குத் திட்டம் போட்ட சார்ல்ஸ் பாபேஜ், லண்டனில் தன் வீட்டு வாசலில் வந்து வாசிக்கும் தெரு வாத்தியக்காரர்களோடு ஆயுசு முழுவதும் மல்லுக்கட்டினார். 1864-இல் அவர்களை அகற்றச் சட்டமே வந்தது. படித்துக்கொண்டும் கணக்குப் போட்டுக்கொண்டும் இருப்பவர் வாசலில் போய் வாசித்தால் அவருக்குக் கோபம் வரத்தான் செய்யும். ஆனால் அந்தச் சட்டம் சத்தம் போடுபவரை அகற்றத்தான். நம் தீர்மானம், சத்தம் போடுபவர்களை விட்டுவிட்டு, ஓரமாக நின்று கேட்பவர்களை அகற்றச் சொல்கிறது. இந்த நியாயம் நமக்குப் புரியவில்லை.

மூன்றாவது எதிர்ப்பைத்தான் நாம் மதிக்கிறோம். நம் வீதிச் சத்தத்தை வைத்து அவர்கள் நாளைக்குக் காசு பண்ணினால் நமக்கு என்ன என்று ஒரு அன்பர் கேட்டார். கேட்டதும் சிலர் சிரித்தார்கள். சிரிக்க வேண்டிய கேள்வி அல்ல. ஹவானாக் கடலைக்காரருக்கு நடந்ததை மேலே சொன்னோம். ஆனால் கேள்வியில் ஒரு திருத்தம் தேவை. அந்தச் சத்தம் நமக்குச் சொந்தமா? ஷட்டர் நம்முடையது, தராசு நம்முடையது, சரி. மூட்டை தூக்கும்போது வரும் குரல் சுமைத் தொழிலாளருடையது. 'கொத்தமல்லி, கருவேப்பிலை' என்று இழுத்துக் கூவுவது தள்ளுவண்டி அம்மாவுடையது. ஏலக்குரல் ஏலம் விடுபவருடையது. வாடகைக்குக் கடை பிடித்த காரணத்தால் அவர்கள் குரலுக்கு நாம் அனுமதி கொடுக்கவும் முடியாது, மறுக்கவும் முடியாது. தீர்மானம் கொண்டுவந்தவர்கள் இதை யோசித்ததாகத் தெரியவில்லை. கூட்டத்துக்கு ஒரு தொழிலாளியையும் கூப்பிடவில்லை.

1957-ஆம் வருஷத்துக் காப்புரிமைச் சட்டத்தில் 1994-இல் செய்த திருத்தத்தால் பாடுபவருக்கும் வாசிப்பவருக்கும் தங்கள் நிகழ்ச்சி மீது உரிமை உண்டாயிற்று. கூவி விற்பது அந்தச் சட்டத்தில் நிகழ்ச்சியாகுமா என்பது வக்கீல்கள் வாதாட வேண்டிய விஷயம். சட்டம் என்ன சொன்னாலும் வியாபார நியாயம் என்று ஒன்று இருக்கிறது. சரக்கு யாருடையதோ அவருக்கு விலை போக வேண்டும். தரகு நமக்கு வேண்டாம்.

எனவே நமது யோசனை இது. போர்டு வேண்டாம். வருகிற மாணவர்கள் சங்க ஆபீசில் பெயரையும் படிக்கும் இடத்தையும் எழுதிக் கொடுத்துவிட்டு ஒரு அனுமதிச் சீட்டு வாங்கிக்கொள்ளட்டும், கடைக்காரர்கள் பயப்படாமல் இருப்பார்கள். குரலைப் பதிவதானால் அந்த நபரிடம் நேரில் கேட்டுப் பதிய வேண்டும், அவர் பெயரை இசையோடு போட வேண்டும். விற்பனைக்கு வந்தால் ஒரு பங்கு அவருக்கு என்பதை முன்கூட்டியே எழுதிக்கொள்ள வேண்டும். தொகை சிறிதாகத்தான் இருக்கும். மூன்று மாணவர்கள் லட்சக் கணக்கில் சம்பாதித்துவிடப் போவதில்லை. இருந்தாலும் எழுத்தில் இருக்கட்டும். பதிந்ததில் ஒரு நகல் சங்கத்துக்குத் தர வேண்டும். மகமைப் பணத்தில் ஒரு சிறு பெட்டி வாங்கி அதைப் பத்திரப்படுத்த எவ்வளவு ஆகிவிடப் போகிறது?

நேரமும் அதிகம் இல்லை. வீதியின் வடக்கு முனையில் மரத்தராசு வைத்து நிறுக்கிற கடை இன்னும் ஒன்றுதான் இருக்கிறது, அதுவும் வாடிக்கையாளர் ஆசைக்காக. மொத்தச் சரக்கைப் புடைத்துச் சுத்தம் செய்யும் பெண்கள் முன்பு வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள், ஆறேழு முறம் ஒரே தாளத்தில் ஏறி இறங்கும். இப்போது மெஷினில் சலித்த பருப்பு வந்துவிடுவதால் இரண்டு பேர்தான் வருகிறார்கள். அதில் மூத்தவருக்கு எழுபது வயதுக்கு மேல். புடைக்கும்போது வாய்க்குள் ஏதோ முணுமுணுப்பார். என்ன பாட்டு என்று இத்தனை வருஷத்தில் நம் கடைகளில் ஒருவரும் கேட்டதில்லை. அந்த மாணவர்கள்தான் கேட்டார்கள். அதற்குள் யாரோ வந்து அவர்களை எழுப்பி அனுப்பிவிட்டார்கள்.